நாற்காலி வைத்த பெயர்கள்

ரோமாபுரியின் தலைசிறந்த பேச்சாளர் சிசரோவின் பெயர் கொண்டைக்கடலையிலிருந்து வந்தது. அவருடைய முன்னோர் ஒருவருக்கு மூக்கு நுனியில் கடலைப் பிளவுபோல ஒரு பள்ளம் இருந்ததாம். ஊர் சும்மா இருக்குமா? பெயரை வைத்துவிட்டது. அது வம்சம் முழுக்க ஒட்டிக்கொண்டது. சிசரோ அரசியலில் இறங்கியபோது, இந்தக் கடலையைக் கழற்றிப் போட்டுவிட்டுக் கௌரவமாக வேறு பெயர் வைத்துக்கொள்ளும்படி நண்பர்கள் மன்றாடினார்கள் என்கிறார் வரலாற்றாளர் புளூட்டார்க். மனிதர் மசியவில்லை. சிசிலித் தீவில் அதிகாரியாக இருந்தபோது சாமிக்கு ஒரு வெள்ளிப் பாத்திரம் காணிக்கை கொடுத்தார். அதில் தன் முதல் இரண்டு பெயர்களை எழுத்தில் பொறித்து, மூன்றாவது பெயருக்கு ஒரு கடலையைச் செதுக்கச் சொன்னார். வெளிச்சமே வராத அளவுக்குக் கோயில் டியூப்லைட்டில் உபயதாரர் பெயர் எழுதும் நம்மவர்களுக்கு இவர் 2,000 ஆண்டு மூத்தவர்.

சிசரோ தனி ஆள் இல்லை. ஃபேபியஸ் குடும்பம் மொச்சையிலிருந்தும், லெண்டுலஸ் மசூர் பருப்பிலிருந்தும், பைசோ தானியம் இடிப்பதிலிருந்தும் பெயர் பெற்றவை என்று ரோமானிய எழுத்தாளர் பிளினி எழுதிவைத்திருக்கிறார். மூன்றும் உலகையே ஆட்டிவைத்த குடும்பங்கள். செனட் உறுப்பினர்களின் பெயர்களை யாராவது உரக்க வாசித்திருந்தால், வாசலில் நின்ற சமையல்காரன் பையை விரித்துக்கொண்டு உள்ளே ஓடிவந்திருப்பான்.

சீசர் விஷயம் இன்னும் விசேஷம். அந்தப் பெயருக்குப் பழங்காலத்தார் சொன்ன விளக்கங்களில் ஒன்று, அடர்ந்த தலைமுடி. ஜூலியஸ் சீசருக்கோ வழுக்கை. செனட் அள்ளிக் கொடுத்த மரியாதைகளில் அவர் மிகவும் ரசித்தது, எந்நேரமும் தலையில் இலைமாலை அணிந்துகொள்ளும் உரிமையைத்தான் என்கிறார் வரலாற்றாளர் சுவெட்டோனியஸ். ஏன் என்று விளக்க வேண்டியதில்லை. அந்த வழுக்கைத் தலையின் பெயர்தான் பின்னாளில் ரஷ்யாவில் ஜார் என்றும் ஜெர்மனியில் கைசர் என்றும் பட்டமாகி, 1917, 1918 வரை கிரீடத்தோடு உட்கார்ந்திருந்தது.

ரோமானிய ஆண்களுக்கு முதற்பெயர் என்று புழக்கத்தில் இருந்தவை சுமார் 18 தான். அதிலும் குயிண்டஸ் என்றால் ஐந்தாமவன், செக்ஸ்டஸ் என்றால் ஆறாமவன், டெசிமஸ் என்றால் பத்தாமவன். பெண்களுக்கு அந்தச் செலவுகூடச் செய்யவில்லை. அப்பாவின் குலப்பெயரைப் பெண்பாலாக்கிக் கொடுத்துவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டார்கள். ஜூலியஸ் குலத்துச் சீசருக்கு அத்தை பெயர் ஜூலியா. அக்கா தங்கைகள் இருவருக்கும் ஜூலியா. மகளுக்கும் ஜூலியா. வாசலில் நின்று ஒரு குரல் கொடுத்தால் மூன்று தலைமுறை எட்டிப் பார்க்கும்.

மார்க் ஆண்டனி தன் பங்குக்கு மூன்று மகள்களுக்கு அன்டோனியா என்றே வைத்தார். கிளியோபாட்ராவிடம் பிறந்த இரட்டையருக்கு மட்டும் அலெக்ஸாண்டர் ஹீலியோஸ், கிளியோபாட்ரா செலீனி என்று சூரியனும் சந்திரனும் வாய்த்தன. அம்மா வெளியூர்க்காரியாக இருந்ததில் பிள்ளைகளுக்குக் கிடைத்த லாபம் அது. கி.மு. 30-இல் ஆண்டனி தோற்றுச் செத்ததும் செனட் கூடி ஒரு தீர்மானம் போட்டது: இனி ஆண்டனி குடும்பத்தில் எவனுக்கும் மார்க்கஸ் என்ற பெயர் இருக்கக் கூடாது. செத்தவர் மேல் இருந்த கோபத்தைப் பிறக்காத குழந்தைகள் மேல் காட்டிவிட்டு எல்லாரும் நிம்மதியாக வீட்டுக்குப் போனார்கள்.

குழந்தைக்குப் பெயர் வைப்பது தாய் தகப்பன் உரிமை என்று உலகத்துத் தாய் தகப்பன்கள் எல்லாரும் நம்புகிறார்கள். அத்தைமார்களும் நம்புகிறார்கள். வரலாறு மட்டும் நம்ப மறுக்கிறது. அந்தந்தக் காலத்தில் நாற்காலியில் யார் இருந்தார்களோ அவர்கள்தான் பெயர் வைத்தார்கள். பெற்றவர்கள் தொட்டிலை ஆட்டினார்கள்.

இங்கிலாந்துக்குப் போவோம். 1066-க்கு முன் அங்கே வழங்கிய பெயர்கள் இரண்டு துண்டுகளை ஒட்டிச் செய்தவை. துண்டுகளுக்குப் பொருள் உண்டு. ஒட்டினால் பொருள் வர வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. வூஸ்டர் நகரத்து ஆயர் வுல்ஃப்ஸ்டனின் அப்பா பெயர் ஏதல்ஸ்டன், அம்மா பெயர் வுல்ஃப்கிஃபு. அம்மாவில் முன்பாதி, அப்பாவில் பின்பாதி. மொத்தத்தில் ஓநாய்க் கல். கணவன் பெயரில் இரண்டு எழுத்தும் மனைவி பெயரில் இரண்டு எழுத்தும் எடுத்து மகளுக்குப் புதுப் பெயர் கண்டுபிடித்ததாக இன்று மார்தட்டும் தம்பதிகள், ஆயிரம் ஆண்டு தாமதமாக வந்திருக்கிறார்கள்.

ஏதல்ரெட் என்று ஓர் அரசர் இருந்தார். உயர்ந்த ஆலோசனை என்று பெயருக்குப் பொருள். டேனிஷ்காரர்கள் கப்பலில் வந்து கொள்ளையடித்தபோது, பணம் கொடுத்து அனுப்பிவிடலாம் என்பது அவருக்குக் கிடைத்த உயர்ந்த ஆலோசனை. வாங்கிக்கொண்டு போனவர்கள், இவ்வளவு நல்ல மனிதரை எப்படி மறப்பது என்று திரும்பத் திரும்ப வந்தார்கள். பிற்காலத்தவர் அவர் பெயரோடு ஆலோசனை கெட்டவர் என்று ஓர் அடைமொழியைச் சேர்த்துக் கணக்கை நேர் செய்தார்கள்.

1066-இல் நார்மண்டியிலிருந்து வில்லியம் வந்தார். சண்டையில் ஜெயித்தார். அவரோடு ராபர்ட், ரிச்சர்ட், ஹென்றி என்று ஒரு படையே வந்து இறங்கியது. சில தலைமுறைக்குள் ஏதல்ரெட்டுகளும் வுல்ஃப்ஸ்டன்களும் காணாமல் போனார்கள். குடியானவன்கூட மகனுக்கு வில்லியம் என்றே வைத்தான். ஊரைப் பிடித்தவன் பெயரை வைத்தால் வரி குறையும் என்று யாரோ சொல்லியிருக்க வேண்டும். வரி குறையவில்லை, வில்லியம்கள் பெருகினார்கள். 1170-களின் தொடக்கத்தில் நார்மண்டியில் ஒரு கிறிஸ்துமஸ் விருந்து. வில்லியம் என்ற பெயர் இல்லாதவர்கள் எழுந்து வெளியே போகலாம் என்று இரண்டு வில்லியம்கள் குறும்பாக அறிவித்தார்கள். அப்புறமும் நூற்றுக்கு மேற்பட்ட வீரர்கள் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள் என்று அக்காலத்து வரலாற்றுக் குறிப்பு சொல்கிறது. வெளியேற்றப்பட்ட ராபர்ட்டுகள் எங்கே சாப்பிட்டார்கள் என்று எழுதுவார் இல்லை.

பழைய பெயர்களில் எட்வர்ட் மட்டும் எப்படிப் பிழைத்தது? நார்மன் வழிவந்த மூன்றாம் ஹென்றி, புனிதராகிவிட்ட பழைய ஆங்கிலேய மன்னர் எட்வர்டின் பக்தர். 1239-இல் பிறந்த மகனுக்கு அந்தப் பெயரை வைத்தார். நாற்காலி கைவிட்ட பெயரை நாற்காலியே தூசு தட்டி எடுத்தது. உடனே ஊரெல்லாம் எட்வர்ட்.

இவர்கள் எல்லாரையும் ஓரங்கட்டியவர் ஒருவர் உண்டு: ஜான். எபிரேயத்தில் யோஹானன், கடவுள் அருளினார் என்று பொருள். இந்த ஒரே ஆசாமி ஸ்பெயினில் ஹுவான், பிரான்சில் ஜான், இத்தாலியில் ஜியோவான்னி, ஜெர்மனியில் ஹான்ஸ், அயர்லாந்தில் ஷான், அரபியில் யஹ்யா, ரஷ்யாவில் இவான். பயங்கர இவான் என்று வரலாறு அழைக்கும் ரஷ்ய ஜாரும் கடவுள் அருளியவர்தான். அவரால் தலை போனவர்களுக்கு அந்த அருளை நினைத்துப் பார்க்க நேரம் இருந்திருக்காது.

இந்தப் பெயரின் மேல் போப்பாண்டவர்களுக்கும் தீராத ஆசை. 533-இல் போப்பாகத் தேர்வானவரின் இயற்பெயர் மெர்க்கூரியஸ். பழைய ரோமானியக் கடவுளின் பெயர். கிறிஸ்தவத் தலைமைப் பீடத்தில் மெர்க்குரி உட்காருவது சரிப்படாது என்று இரண்டாம் ஜான் ஆனார். பதவிக்கு வந்ததும் போப்புகள் பெயர் மாற்றிக்கொள்வது அவரிடமிருந்து தொடங்கியது. அதன்பின் ஜான்கள் வரிசையாக வந்தார்கள். எவ்வளவு வேகமாக வந்தார்கள் என்றால், நடுவில் எண்ணிக்கை தவறிவிட்டது. திருச்சபை வரலாற்றில் 19-ஆம் ஜான் உண்டு, 21-ஆம் ஜான் உண்டு. 20-ஆம் ஜான் என்று ஒருவர் கிடையாது. அதற்கு ஈடுகட்டுவதுபோல 23-ஆம் ஜான் இரண்டு பேர். 1410-இல் அந்தப் பெயரில் உட்கார்ந்தவரைச் செல்லாத போப் என்று தள்ளிவிட்டதால், 1958-இல் வந்தவர் அதே எண்ணை மறுபடி எடுத்துக்கொண்டார். பிழையே செய்யாத பீடத்துக்குக் கூட்டல் மட்டும் கொஞ்சம் தகராறு.

போப்பைப் பிடிக்காதவர்கள் புனிதர் பெயர்களையும் வெறுத்தார்கள். இங்கிலாந்தின் பியூரிட்டன்கள், குழந்தையின் பெயரே ஒரு பிரசங்கமாக இருக்கட்டும் என்று முடிவு செய்தார்கள். சசெக்ஸ் பகுதித் தேவாலயப் பதிவேடுகளில் ‘பாவத்துக்கு வருந்து’ என்று ஒரு குழந்தை. ‘விபசாரத்தை விட்டு ஓடு’ என்று இன்னொன்று. அந்தக் குழந்தையைச் சாப்பிடக் கூப்பிட்டாலே தெருவில் போகிற பெரிய மனிதர்கள் நடையை எட்டிப் போட்டிருப்பார்கள்.

லண்டனில் ஒரு தோல் வியாபாரி, பெயர் பிரெய்ஸ்-காட் பேர்போன். ‘கடவுளைத் துதி’ என்பது முதற்பெயர். 1653-இல் இங்கிலாந்தின் ஆட்சியைப் பிடித்த கிராம்வெல் கூட்டிய சபையில் இவரும் உறுப்பினர். கேலி பேசியவர்கள் முழுச் சபைக்கும் பேர்போன் பாராளுமன்றம் என்றே பெயர் வைத்துவிட்டார்கள். உலக வரலாற்றில் பேர் போனதும் பேர்போன் ஆனதும் ஒரே ஆளுக்கு நடந்தது இங்கேதான். ‘ஏசு உனக்காக மரிக்காவிட்டால் நீ நரகத்துக்குப் போயிருப்பாய்’ என்ற முழு வாக்கியத்தை இவர் மகனுக்குப் பெயராக வைத்ததாக ஒரு கதை உண்டு. நிக்கலஸ் என்று உலகம் அறிந்த அந்த மகன் 1666-ஆம் ஆண்டின் லண்டன் பெருந்தீக்குப் பிறகு தீ விபத்துக் காப்பீட்டுத் தொழிலைத் தொடங்கினார். நெருப்பைப் பற்றி அவ்வளவு சின்ன வயதிலேயே எச்சரிக்கப்பட்டவர் வேறென்ன தொழில் செய்வார்?

பியூரிட்டன்கள் அமெரிக்காவுக்குக் கப்பலேறியபோது பெயர்களையும் ஏற்றிக்கொண்டு போனார்கள். 1620-இல் மேஃப்ளவர் கப்பலில் போன வில்லியம் புரூஸ்டரின் பிள்ளைகள் வரிசை இது: ஜொனதன், பொறுமை, அச்சம், அன்பு, மல்யுத்தம். கடைசிப் பையன் மல்யுத்தம் செய்ய வேண்டியது சாத்தானோடா, முன்னால் பிறந்த நால்வரோடா என்று தெரியாது. நடுக்கடலில் பிறந்த ஒரு குழந்தைக்கு ஓஷியானஸ் என்று வைத்தார்கள். பிறந்த இடமும் பெயரும் ஒரே வார்த்தையில் முடிந்தன. அச்சம் என்ற பெண் வளர்ந்து ஐசக் என்பவரை மணந்தாள். ஐசக் என்ற எபிரேயப் பெயருக்குச் சிரிப்பவன் என்று பொருள். சிரிப்பவன் அச்சத்தைக் கட்டிக்கொண்ட இந்தக் கதையை மணமான ஆண்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

பிரான்சில் நாற்காலியே கவிழ்ந்தது. 1789 புரட்சிக்குப் பின் புனிதர்கள் வேண்டாம், ராஜாக்கள் வேண்டாம் என்றானது. ராஜாவின் உறவினரான ஆர்லியன்ஸ் பிரபு, காற்று வீசும் திசை பார்த்து 1792-இல் தன் பெயரைச் சமத்துவம் என்று பொருள்படும் எகலித்தே என்று மாற்றிக்கொண்டார். ராஜாவைக் கொல்லலாம் என்று வாக்கும் போட்டார். 1793 நவம்பரில் அவரையும் கில்லட்டினில் படுக்கவைத்தார்கள். பெயர்ப் பொருத்தம் கச்சிதம். ராஜாவுக்கும் அவருக்கும் ஒரே மாதிரி வெட்டு.

அதே ஆண்டு புதிய நாட்காட்டி வந்தது. ஒவ்வொரு நாளுக்கும் இருந்த புனிதரை இறக்கிவிட்டு அங்கே செடி, விலங்கு, உழவுக் கருவி என்று உட்காரவைத்தார்கள். வாந்தெமியேர் என்ற முதல் மாதத்தின் 7-ஆம் நாள் கேரட், 11 உருளைக்கிழங்கு, 13 பூசணிக்காய், 15 கழுதை. பிறந்த நாளின் புனிதர் பெயரை வைத்துப் பழகிய நாட்டில் இது என்ன பாடுபடுத்தியிருக்கும்! கழுதை நாளில் பிரசவ வலி கண்ட தாய், பல்லைக் கடித்துக்கொண்டு நள்ளிரவு தாண்டட்டும் என்று காத்திருக்க வேண்டியதுதான்.

நெப்போலியன் வந்து இதற்கெல்லாம் முற்றுப்புள்ளி வைத்தார். வழக்கிலுள்ள நாட்காட்டிகளில் இருக்கும் பெயர்கள், பண்டைய வரலாற்றில் அறியப்பட்டவர்களின் பெயர்கள், இவை மட்டுமே செல்லும் என்று ஒரு சட்டம். நாள் 1803 ஏப்ரல் 1. ஏப்ரல் முதல் தேதிச் சட்டம் என்று யாரும் சிரித்துவிட முடியவில்லை. 1966-இல் கொஞ்சம் தளர்ந்து 1993 வரை அது நடைமுறையில் இருந்தது. சட்டம் போட்டவரின் பெயரிலேயே ஒரு சிக்கல். நெப்போலியன் என்ற பெயரில் நாட்காட்டியில் புனிதர் யாரும் இல்லை. பேரரசருக்கு இல்லாத புனிதரா? பழைய ஏடுகளைக் கிளறி, நியோபொலிஸ் என்ற ஒரு தியாகியைப் பிடித்துவந்து, அவர்தான் புனித நெப்போலியன் என்று 1806-இல் திருநாள் அறிவித்தார்கள். தேதி ஆகஸ்ட் 15. பேரரசரின் பிறந்த நாளும் அதே தேதி. அன்று அதுவரை கொண்டாடப்பட்டுவந்தது அன்னை மரியாளின் விண்ணேற்புத் திருநாள். அம்மாவைக் கொஞ்சம் நகர்ந்து உட்காரச் சொல்லிவிட்டார்கள்.

ரஷ்யப் புரட்சியில் எல்லாமே புனைபெயர்க்காரர்கள் ராஜ்ஜியம். லெனின் உண்மையில் உல்யானவ். எஃகு மனிதர் ஸ்டாலின் உண்மையில் ஜுகாஷ்விலி. சம்மட்டி மொலொட்டவ் உண்மையில் ஸ்கிரியாபின். தங்கள் பெயரையே வைத்துக்கொள்ளாதவர்கள் மற்றவர்கள் வீட்டுப் பிள்ளைகளுக்குப் பெயர் கொடுத்தார்கள். ஞானஸ்நானத்துக்குப் பதில் அக்டோபர்ச் சடங்கு என்று ஒன்றை ஏற்படுத்தினார்கள். விளாதிமிர் லெனினைச் சுருக்கி விளாத்லென். மார்க்ஸும் லெனினும் சேர்ந்து மார்லென். ரஷ்ய எழுத்தில் லெனினைப் பின்னாலிருந்து வாசித்தால் நினெல். அது பெண் குழந்தைக்கு. மார்க்ஸ், எங்கெல்ஸ், லெனின், ஸ்டாலின் நால்வரின் முதலெழுத்தைக் கோத்து மெல்ஸ். ஸ்டாலின் இறந்து, அவர் செய்ததெல்லாம் வெளியே வந்ததும், பல மெல்ஸ்கள் வாலை நறுக்கிக்கொண்டு மெல் ஆனார்கள். 1961-இல் ஸ்டாலின்கிராட் நகரமே வோல்கோகிராட் ஆனது.

சிரிக்க முடியாத நாற்காலியும் உண்டு. 1938 ஆகஸ்டில் நாஜி அரசு ஓர் ஆணை போட்டது: பெயரைப் பார்த்ததும் யூதர் என்று தெரியாவிட்டால், 1939 ஜனவரி முதல் ஆண்கள் இஸ்ரேல் என்றும் பெண்கள் சாரா என்றும் சேர்த்து எழுதியாக வேண்டும். அருமையான இரண்டு பழம்பெயர்கள், ஆளை அடையாளம் காட்டிப் பிடித்துக் கொடுக்கும் வேலைக்குப் பயன்பட்டன.

நம் கரைக்கு வந்த பெயர்களில் ஒன்று ஒரு வீட்டு விலாசம். 1542-இல் முத்துக்குளித்துறைக்கு வந்த பிரான்சிஸ் சேவியர், நவார் நாட்டில் ஹவியேர் என்ற கோட்டையில் பிறந்தவர். பாஸ்க் மொழியில் அது புதுவீடு என்று பொருள்படும் சொல்லிலிருந்து வந்தது. தமிழ்நாட்டில் அவர் சவேரியார் ஆனார். அவர் பெயரால் சவேரிமுத்து, சவேரியம்மாள் என்று தலைமுறைகள் பிறந்தன. பாஸ்க்காரர் ஒருவர் தூத்துக்குடி வந்து சவேரிமுத்துவைச் சந்தித்தால், புதுவீட்டு முத்து என்று கேட்டுவிட்டு, கிரகப்பிரவேசம் எப்போது என்று விசாரிப்பார். அதே திருச்சபை மற்ற பெயர்களில் ஒழுங்காகப் பொருளையே மொழிபெயர்த்தது. சின்னவர் என்று பொருள்படும் பவுல் சின்னப்பன் ஆனார். உலகெங்கும் வேஷம் மாற்றிக்கொண்டு திரிந்த ஜான் இங்கே அருளப்பன் என்று அடையாளமே தெரியாமல் வேட்டி கட்டிக்கொண்டார்.

நாற்காலி உள்ளூரில் இருக்க வேண்டும் என்றுகூட நாம் அடம்பிடிப்பதில்லை. குஜராத்தில் வணிகக் குடும்பத்துப் பெயரான காந்தி இங்கே ஆளின் பெயர். கால்வாயோரம் குடியிருந்ததால் காஷ்மீர்க் குடும்பம் ஒன்றுக்கு ஒட்டிய நேருவும் அப்படியே. நெப்போலியன்களுக்கும் இங்கே குறைவில்லை. அயர்லாந்தின் பழைய மொழியில் கென்னடி என்ற குடும்பப் பெயருக்குக் கவசத் தலை என்றும் பொருள் சொல்வார்கள், அவலட்சணத் தலை என்றும் சொல்வார்கள். நம்மூர்க் கென்னடிகள் முதல் பொருளோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

நாற்காலியை எதிர்த்துப் பெயர் மாற்றிய வரலாறும் நமக்கு உண்டு. சூரியநாராயண சாஸ்திரி, பரிதிமாற் கலைஞர் ஆனார். வேதாசலம், மறைமலை ஆனார். பின்னால் திராவிட இயக்கத்தில் நாராயணசாமி நெடுஞ்செழியனாகவும், இராமையா அன்பழகனாகவும் மாறினார்கள். 1967-இல் அவர்களுக்கே நாற்காலி கிடைத்தது. எதிர்ப்பாகத் தொடங்கிய பெயர்கள் ஏற்பாடாகிவிட்டன; பள்ளிக்கூட வருகைப் பதிவேட்டில் அரை வகுப்பு செழியனும் செல்வியும்.

1953 மார்ச் 1-இல் கருணாநிதிக்கு ஒரு மகன் பிறந்தார். நான்கு நாளில் மாஸ்கோவில் ஸ்டாலின் இறந்தார். பிள்ளைக்கு அந்தப் பெயர். ரஷ்யத் தலைவர் தனக்கு எஃகு என்று சூட்டிக்கொண்ட புனைபெயர் சென்னையில் இயற்பெயர் ஆயிற்று. ரஷ்யாவில் ஊர் பெயரை மாற்றிக்கொண்டது. 1957-இல் ஸ்டாலினின் சொந்த மகளே தாயின் குடும்பப் பெயருக்கு மாறிக்கொண்டார். தமிழ்நாட்டில் அந்தப் பெயர் 2021-இல் முதலமைச்சர் நாற்காலியில் உட்கார்ந்தது.

இன்று நாற்காலியில் இருப்பவர் நியூமராலஜிக்காரர். இங்கிலீஷ் எழுத்தில் ஓர் ஏ கூட்டச் சொல்கிறார், ஓர் எச் சேர்க்கச் சொல்கிறார். நாமும் செனட்டுக்கும் போப்புக்கும் பேரரசருக்கும் பணிந்த அதே பக்தியோடு பிறப்புச் சான்றிதழைத் திருத்திக்கொண்டு நிற்கிறோம். பெயர் வைக்கப்போகும் பெற்றோருக்கு ஒரு வார்த்தை: குழந்தைப் பெயர்ப் புத்தகத்தில் போட்டிருக்கும் பொருளை நம்பாதீர்கள்; அந்தப் பெயர் எந்த நாற்காலியிலிருந்து இறங்கி வந்தது என்று மட்டும் பாருங்கள். வாய் சுளுக்காமல் கூப்பிட முடிகிற ஒன்றாக வைத்துவிடுங்கள். பொருளை அந்தப் பிள்ளை பார்த்துக்கொள்ளும்.